மருந்து படாத துளி

தலவாக்கலை பஜாரில் மரக்கறி வாங்கும்போது அவர் தராசில் உடனே எதையும் வைக்க விடமாட்டார். கடைக்காரர் போஞ்சியை இரு கைகளிலும் அள்ளி வைத்துக்கொண்டு நிற்க, இவர் சற்றுக் குனிந்து வெறுந்தராசின் சிவப்பு எண்களைப் பார்ப்பார். பூச்சியம் தெரிந்தால் தலையசைப்பார். அதன் பிறகுதான் போஞ்சி தராசில் இறங்கும்.

"என்னா மிஸ், இன்னும் நம்ம மேல நம்பிக்கை வரலையா?"

"உங்க மேல இருக்கு. தராசு மேலதான் இல்ல."

"மூணு வருசமா இதே தராசுதான் மிஸ்."

"நேத்துப் பாத்தது நேத்தைக்கு."

கடைக்காரர் மற்ற வாடிக்கையாளர்களைப் பார்த்துக் கண் சிமிட்டுவார். மிஸ் அதைக் கவனித்தாலும் பொருட்படுத்துவதில்லை. அவரைப் பொறுத்தவரை அது சந்தேகமன்று. ஒரு வேலையின் முதற்பகுதி. இரண்டாவது பகுதியை மட்டும் செய்து முடித்துவிட்டுப் போகிறவர்களை அவரால் புரிந்துகொள்ள முடிந்ததில்லை.

அவருடைய பெயர் எனக்குத் தெரியும். ஒவ்வோர் அறிக்கையின் அடியிலும் அது சாய்ந்த எழுத்தில் இருந்தது. ஆனால் அந்தப் பெயரைச் சொல்லி எவரும் அவரை அழைத்து நான் கேட்டதில்லை. ஊருக்கு அவர் லாப் மிஸ். நானும் அப்படியே எழுதுகிறேன்.

உயர்தரப் பரீட்சை எழுதிவிட்டுப் பல்கலைக்கழக அனுமதிக்காகக் காத்திருந்த காலத்தில், ஏறத்தாழ ஒன்றரை வருடம், அந்தப் பரிசோதனை நிலையத்தின் முன்மேசையில் வேலை செய்தேன். பஜாரில் ஒரு பார்மசியின் மேல்மாடி அது. இரண்டு அறைகள். முன்னறையில் நானும், வருகிறவர்கள் உட்கார ஒரு வாங்கும். பின்னறையில் மிஸ்ஸும் அவருடைய கருவிகளும். இடையில் ஒரு கண்ணாடித் தடுப்பு. வருகிறவரின் பெயரையும் வயதையும் எழுதுவது, குழாய்களில் இலக்கம் ஒட்டுவது, மிஸ் எழுதிய முடிவுகளைத் தட்டச்சு செய்வது ஆகியவை என் வேலைகள். அவர் எனக்கு எதையும் கற்றுத்தரவில்லை, நானும் கேட்கவில்லை. எனக்குத் தெரிந்தவை எல்லாம் அவர் மற்றவர்களோடு பேசியபோது கண்ணாடித் தடுப்பின் இந்தப் பக்கம் கேட்டவையே.

இரத்த வகை பார்ப்பதற்கு அவரிடம் ஒரு வெள்ளைப் பீங்கான் தட்டு இருந்தது. அதில் பன்னிரண்டு சிறு குழிகள். ஒரு குழியில் இரத்தத்துளியோடு நீல மருந்து, அடுத்ததில் மஞ்சள் மருந்து, மூன்றாவதில் நிறமில்லாத மருந்து. தட்டை மெல்ல ஆட்டினால், எந்த மருந்துக்கு இரத்தம் இணங்குகிறதோ அந்தக் குழியில் அது செம்மணல் போலத் திரண்டு நிற்கும். இணங்காத குழியில் கலங்கிய சிவப்பாகவே கிடக்கும். நீலத்தில் திரண்டால் ஏ. மஞ்சளில் திரண்டால் பி. இரண்டிலும் திரண்டால் ஏபி. இரண்டிலும் திரளாவிட்டால் ஓ. மூன்றாவது குழி பொசிட்டிவா நெகட்டிவா என்பதைச் சொல்லும்.

மூன்று குழிகளோடு வேலை முடிந்துவிட வேண்டும். மிஸ் நான்காவதிலும் ஒரு துளி இரத்தம் விடுவார். அதில் மருந்து எதுவும் இல்லை, வெறும் உப்புநீர்.

சாரதி அனுமதிப்பத்திரத்துக்காக இரத்த வகை பார்க்க வந்த ஓட்டோக்காரர் ஒருவர் இதைப் பற்றி அவரிடம் சண்டைக்கே போனார்.

"எனக்கே தெரியும் மிஸ், பி பொசிட்டிவ். சும்மா எழுதிக் குடுங்க."

"தெரிஞ்சா நீங்களே எழுதிக்கிங்க. நான் எழுதணும்னா குத்தணும்."

குத்திக்கொண்டார். பிறகு தட்டை எட்டிப் பார்த்து, "மூணுக்குத்தானே மருந்து? நாலாவதுல எதுக்கு என் ரத்தத்தை வீணாக்குறீங்க?" என்றார்.

"அதுல ஒண்ணும் நடக்கக்கூடாது. அதுக்குத்தான்."

"ஒண்ணும் நடக்காததுக்கு எதுக்கு மிஸ் பாக்கணும்?"

"நடந்துருச்சுன்னா, மத்த மூணுல நடந்ததையும் நம்ப முடியாது. மருந்தால ஒட்டுச்சா, தானா ஒட்டுச்சான்னு எனக்கு எப்பிடித் தெரியும்?"

ஓட்டோக்காரர் குத்திய விரலில் பஞ்சை அழுத்திக்கொண்டார். "எங்க வீட்டுல நான் ஒண்ணும் செய்யாமயே சண்டை வருது மிஸ். அதுவும் இப்பிடித்தான் போல," என்றார். மிஸ் சிரித்து நான் பார்த்த மிகச் சில தடவைகளில் அதுவும் ஒன்று. ஓட்டோக்காரர் பி பொசிட்டிவ்தான்.

கீழே இருந்த பார்மசியும் மேலேயிருந்த பரிசோதனை நிலையமும் ஒரே முதலாளிக்குரியவை. முஸ்லிம், ஊரில் எல்லோருக்கும் நானா. மூட்டுவலிக்காகப் பார்க்கும் பரிசோதனை ஒன்றில் பால்போன்ற வெள்ளை மருந்து பயன்படும். அந்த நோய் உள்ளவரின் இரத்தநீர் பட்டால் அது திரியத் தொடங்கிய பாலைப்போலப் பொடிப்பொடியாகப் பிரியும். கொழுந்து பறித்து விரல்கள் மடங்கிப்போன பெண்கள் அதற்காக அடிக்கடி வருவார்கள். மிஸ் ஒவ்வொரு தடவையும், கட்டாயம் திரிய வேண்டிய ஒரு துளியையும் கட்டாயம் திரியக்கூடாத ஒரு துளியையும் பக்கத்தில் வைத்தே பார்ப்பார்.

"என்ன மிஸ் இது, ஒரு ஆளுக்கு மூணு ஆள்ட மருந்து போகுதே," என்று நானா படியேறி வந்து முறையிடுவார்.

"ஒரு ஆளுக்கு ஒரு ஆளோட மருந்து மட்டும் போட்டா, அது மருந்து இல்ல நானா. வெறும் பால்."

நானா என்னைப் பார்ப்பார். நான் ஏட்டைப் பார்ப்பேன். அவர் இறங்கிப் போய்விடுவார். இந்த உரையாடல் மாதத்துக்கு ஒருமுறை, பெரிய மாற்றமின்றி நடந்தது.

ஒருமுறை ஓய்வுபெற்ற தபால் ஊழியர் ஒருவர் வந்திருந்தார். அவருக்கும் இரத்த வகை தெரிய வேண்டியிருந்தது, வேறொன்றும் இல்லை. தட்டின் நான்கு குழிகளிலும் இரத்தம் திரண்டது. மிஸ் நான்காவது குழியில் இன்னும் இரண்டு துளி உப்புநீர் விட்டு ஆட்டினார், திரள் அவிழ்ந்தது. நுண்ணோக்கியில் பார்த்துவிட்டு நிமிர்ந்து, "இது ஒட்டினது இல்ல. அடுக்கினது," என்று தமக்குள் சொல்லிக்கொண்டார். சிவப்பணுக்கள் காசுகளை ஒன்றன்மேல் ஒன்று வைத்தாற்போல அடுக்காக நின்றனவாம். இரத்தத்தில் புரதம் அளவுக்கு மிஞ்சினால் அப்படி ஆகும் என்பது வைத்தியருக்கு அவர் எழுதிய குறிப்பிலிருந்து எனக்குத் தெரிந்தது.

"நான் வகை கேட்டுத்தானுங்களே வந்தேன்," என்றார் அந்தப் பெரியவர், குறிப்பைக் கையில் வாங்க மனமில்லாமல்.

"வகை ஓ. உப்புத்தண்ணில கழுவித் திரும்பப் பாத்தாச்சு, அதுல சந்தேகம் இல்லீங்க. மத்ததத்தான் டொக்டர்கிட்டக் காட்டணும்."

பெரியவர் கண்டிக்குப் போனார். எலும்பு மச்சையில் நோய் இருந்தது. சில மாதங்கள் கழித்து அவருடைய மகன் நன்றி சொல்லப் பழங்களோடு வந்தபோது, மிஸ் கேட்டது ஒன்றே ஒன்று: "இப்ப ஒழுங்கா சாப்பிடுறாரா?"

இவற்றை மட்டும் எழுதினால் அவர் மீது அன்பு மாத்திரமே இருந்ததாகத் தோன்றும். அப்படியில்லை. நான் வேலைக்குச் சேர்ந்த முதல் மாதத்தில், காலையில் வந்த குழாய்களுக்கு நடுவே அவர் ஒரு வெறுங்குழாயை வைத்திருந்தார். இல்லாத ஒருவரின் பெயர் அதில் ஒட்டப்பட்டிருந்தது. நான் பார்க்காமலே ஏட்டில் பதிந்தேன். அவர் ஒன்றும் சொல்லாமல் அந்த வரியைச் சிவப்பு மையால் அடித்தார். இரண்டு வாரம் கழித்து மறுபடியும் ஒரு வெறுங்குழாய். இம்முறை அதை எடுத்துத் தனியே வைத்தேன். அதற்கும் அவர் ஒன்றும் சொல்லவில்லை. அதன் பின்னர் வெறுங்குழாய் வரவில்லை. ஆனால் ஒவ்வொரு குழாயையும் வெளிச்சத்தில் தூக்கிப் பார்க்காமல் என்னால் பெயர் எழுத முடியாமற் போயிற்று. மனிதரை இப்படிச் சோதிக்கலாமா என்று அன்று நினைத்தேன். இன்றும் எனக்கு உறுதியான விடையில்லை.

அவர் நான்காவது துளியைத் தவிர்த்தது ஒரே ஒரு நாள்.

எங்கள் தோட்டம் தலவாக்கலையிலிருந்து நுவரெலியாப் பக்கம் ஏறும் பாதையில், பஜாரைவிட நல்ல உயரத்தில் இருக்கிறது. தை மாதத்து ஞாயிறொன்றில் தோட்டத்து இளைஞர் கழகத்தார் எல்லோருக்கும் இலவசமாக இரத்த வகை பார்த்து அட்டை கொடுக்க ஏற்பாடு செய்தார்கள். மிஸ் சம்பளம் வாங்காமல் வர ஒப்புக்கொண்டார். அட்டை எழுத நானும் போனேன். பகலில் குழந்தைகளைப் பார்த்துக்கொள்ளும் பிள்ளைக் காம்பராவில் மேசை போட்டிருந்தார்கள். யன்னல் கண்ணாடிகள் இரண்டு இல்லை. பேசினால் எல்லோர் வாயிலிருந்தும் புகை வந்தது.

மதியத்துக்குப் பின் வரிசை வாசலைத் தாண்டிப் பாதை வரை போயிருந்தது. கழகத் தலைவர் கைகளைத் தேய்த்துக்கொண்டே வந்தார்.

"மிஸ், மழை இருட்டுது. வேன்காரன் நாலு மணிக்குப் போகணும்ங்கிறான்."

"மிச்சம் எத்தனை பேரு?"

"பாதிக்கு மேல நிக்கிறாங்க. நான் ஒண்ணு சொல்லவா? தட்டுல பன்னெண்டு குழி. நாலு நாலா போட்டா மூணு பேரு. மூணு மூணா போட்டா நாலு பேரு பாக்கலாம்."

மிஸ் வரிசையைப் பார்த்தார். வாரத்தில் ஒரேயொரு ஓய்வு நாளைக் கொடுத்துவிட்டு, கைக்குழந்தைகளைக் கம்பளியில் சுற்றிக்கொண்டு பெண்கள் நின்றார்கள். சிலர் காலையிலிருந்தே நின்றவர்கள்.

"சரி," என்றார். "மூணு போடுவோம்."

அந்தப் பிற்பகலில் மூன்று துளியோடு பார்க்கப்பட்டவர்களில் ஒற்றை அறை வீடுகள் வரிசையாக நிற்கும் எங்கள் லயத்து மோகன் அண்ணனும் இருந்தார். அவர் தோட்டத் தொழிற்சாலையில் வேலை செய்தார். எங்களுக்குப் பக்கத்துக் காம்பரா. மனைவி செல்வராணி அக்கா கொழுந்து பறிப்பவர். மூன்றாம் வகுப்பில் படிக்கும் ரித்திகா அவர்களுடைய ஒரே பிள்ளை. மூன்று அட்டைகளையும் நான்தான் எழுதினேன். செல்வராணி அக்கா ஓ பொசிட்டிவ். ரித்திகா ஓ பொசிட்டிவ். மோகன் அண்ணன் ஏபி பொசிட்டிவ்.

திங்கட்கிழமை மாலை லயத்துப் பீலிக் குழாயடியில் தண்ணீர் பிடித்துக்கொண்டிருந்தேன். மோகன் அண்ணனின் அக்கா பாக்கியம் வாளியோடு வந்தார். அவரும் அதே லயத்தில், இரண்டு கதவு தள்ளிக் குடியிருந்தார். எங்களுக்குப் பின்னால் இன்னும் நான்கைந்து பேர் குடங்களோடு நின்றார்கள்.

"பாப்பா, கார்டெல்லாம் நீதானே எழுதுன. தம்பிக்கு ரெண்டு எழுத்துப் போட்டிருக்க. புள்ளைக்கு வட்டம் போட்டிருக்க. அப்பனுக்கும் மகளுக்கும் ஒண்ணும் சேரலையே, அது என்னா கணக்கு?"

பரிசோதனை நிலையத்தின் சுவரில், எந்த வகைப் பெற்றோருக்கு எந்த வகைப் பிள்ளை பிறக்கும் என்ற அட்டவணை ஒன்று தொங்கியது. என் மேசைக்கு நேர் எதிரே. ஒரு வருடமாக அதைப் பார்த்துப் பார்த்து எனக்கு மனப்பாடமாகியிருந்தது.

"ஏபி உள்ளவங்களுக்கு ஓ பிள்ளை பிறக்காதுக்கா," என்றேன்.

"பொறக்காதுன்னா?"

"பிறக்கவே பிறக்காது."

அதைச் சொல்லி முடித்த பிறகுதான் என்ன சொன்னேன் என்பது எனக்கு விளங்கியது. பாக்கியம் அக்கா வாளி நிறையுமுன்பே அதைத் தூக்கிக்கொண்டு போனார். பின்னால் நின்றவர்கள் என்னைப் பார்க்கவில்லை, ஒருவரையொருவர் பார்த்தார்கள்.

அன்றிரவே மோகன் அண்ணன் பாயையும் கம்பளியையும் எடுத்துக்கொண்டு அக்காவின் காம்பராவுக்குப் போய்விட்டார். சத்தம் எதுவும் கேட்கவில்லை. சண்டை நடந்திருந்தால் லயத்தில் யாராவது நடுவில் புகுந்திருப்பார்கள். அவர் பேசாமல் போனதால் எல்லோரும் பேசினார்கள். தினமும் பள்ளிக்குப் புறப்படும்போது ரித்திகாவின் சப்பாத்துக் கயிற்றைக் கட்டிவிடுவது அவர்தான். செவ்வாய்க்கிழமை காலை அவள் வழக்கம்போலத் தேடிப் போய், அத்தை வீட்டு வாசலில் ஒரு காலை முன்னால் நீட்டிக்கொண்டு நின்றாள். அவர் தேநீர்க் கோப்பையோடு உள்ளே போய்விட்டார்.

வெள்ளிக்கிழமை செல்வராணி அக்கா வேலைக்குப் போகாமல் பரிசோதனை நிலையத்துக்கு வந்தார். வாங்கில் உட்காரவில்லை. மூன்று அட்டைகளையும் என் மேசையில் வரிசையாக வைத்தார். மிஸ் கையுறையைக் கழற்றியபடி வெளியே வந்தார்.

"மிஸ், இந்த மூணும் ஒண்ணாச் சேர்ந்து இருக்க முடியாதுன்னு சொல்றாங்க. நான் கெட்டவளுன்னு ஆயிருச்சு."

"யாரு சொன்னாங்க?"

நான் எழுந்து நின்றேன். செல்வராணி அக்கா என்னை முந்திக்கொண்டார்.

"பாப்பாதான் சொல்லிச்சு. அது மேல தப்பில்ல. கேட்டாங்க, தெரிஞ்சதச் சொல்லிச்சு."

மிஸ் மோகன் அண்ணனின் அட்டையை எடுத்துப் பார்த்தார். என் கையெழுத்து; கீழே அவருடைய கையொப்பம். நெடுநேரம் பார்த்தார்.

"தங்கச்சி, இவருக்கு எத்தனை துளி போட்டோம்?" என்று என்னிடம் கேட்டார்.

"மூணு மிஸ்."

"ஆமா. மூணு." அட்டையை மேசையில் வைத்தார். "அவருக்குச் சமீபத்துல சளி, இருமல் ஏதும் இருந்துச்சா?"

"பொங்கலுக்கு முந்தி மூணு வாரம் மிஸ். காச்சலும் இருமலும். இன்னும் முழுசா விடல."

"குளிருல கை விரலு நீலம் பாயுதா?"

செல்வராணி அக்கா யோசித்தார். "ஆமா மிஸ். தொழிற்சாலைக்குள்ள சரியாயிரும். வெளிய வந்தா திரும்ப வரும்."

மிஸ் தலையசைத்தார். அந்த இடத்தில் எவராக இருந்தாலும் ஆறுதலாக ஒரு சொல் சொல்லியிருப்பார்கள்.

"தப்பாத்தானே மிஸ் இருக்கும்?" என்று செல்வராணி அக்கா கேட்டார்.

"தெரியல. பாத்துட்டுத்தான் சொல்லுவேன்."

எனக்கு அவர் மீது அப்போது வந்த கோபம் இன்னும் நினைவிருக்கிறது. செல்வராணி அக்காவுக்கு வரவில்லை. "அப்ப வந்து பாருங்க," என்றார்.

"வர்றேன். அன்னைக்கு அந்தப் பேச்சு எத்தனை பேரு காதுல விழுந்துச்சு?" அந்தக் கேள்வி என்னிடம் கேட்கப்பட்டது.

"ஆறு பேர் இருக்கும் மிஸ்."

"அந்த ஆறு பேரும் ஞாயித்துக்கிழமை இருக்கணும்."

முகாமில் பார்த்த எல்லோரையும் மீண்டும் பார்க்க வேண்டும் என்று அவர் அன்றே தீர்மானித்துவிட்டார். நானாவிடம் மருந்துப் போத்தல்களைக் கேட்டபோது நானா முதலில் மறுத்தார். காரணத்தைக் கேட்டதும் தாமே பொதி செய்து கொடுத்தார். அந்த வேலை நான்கு ஞாயிற்றுக்கிழமைகள் நீடித்தது. வேறு எவருடைய அட்டையும் மாறவில்லை. அதைச் சொல்லி யாராவது அவரைத் தேற்ற முயன்றால், "அது அன்னைக்கு எனக்குத் தெரியாதே," என்பார்.

முதல் ஞாயிறு அவர் காலை பஸ்ஸில் வந்து இறங்கினார். தோளில் ஒரு பை, கையில் வெந்நீர்ப் போத்தல். மூடுபனி லயத்துக் கூரைகளின் மேல் படிந்திருந்தது. செல்வராணி அக்கா தம் காம்பராவின் முன்னால் ஒரு மேசையும் பெரிய அலுமினியப் பாத்திரமும் வைத்திருந்தார். அந்த ஆறு பேரோடு லயத்தில் பாதிப்பேர் கூடியிருந்தார்கள். மோகன் அண்ணன் மட்டும் அக்காவின் வாசற்படியிலிருந்து எழுந்திருக்கவில்லை.

"நான் வரல. ஒருக்கா குத்துனது போதும்."

மிஸ் அவரிடம் நடந்து போனார்.

"நீங்க எங்கயும் வர வேணாம். நான்தான் வந்திருக்கேன். அன்னைக்கு நான் செய்ய வேண்டிய ஒண்ணச் செய்யல. அதுனால என்ன ஆச்சுன்னு பாக்கணும். உங்க விரலு இல்லாம அதைப் பாக்க முடியாது."

மோகன் அண்ணன் நிமிர்ந்து பார்த்தார். குற்றம் விசாரிக்க ஒருவர் வருவாரென்றே உட்கார்ந்திருந்த அவர், மிஸ் தம்முடைய பிழையைத் தேடி வருவார் என்று நினைத்திருக்கவில்லை. எழுந்து வந்து விரலை நீட்டினார்.

குளிர்ந்த தட்டில் நான்கு துளிகள். மிஸ் தட்டை ஆட்டினார். நீலத்தில் திரண்டது. மஞ்சளில் திரண்டது. நிறமில்லாததில் திரண்டது. மருந்தில்லாத நான்காவதிலும் திரண்டது. தட்டைத் தூக்கி எல்லோருக்கும் காட்டினார்.

"இந்த நாலாவதுல மருந்தே இல்ல. வெறும் உப்புத்தண்ணி. இதுல ஒட்டக்கூடாது. ஒட்டியிருக்கு. நெஞ்சுச்சளி வந்த சில பேருக்குக் கொஞ்ச நாளைக்கு, குளிர் பட்டா ரத்தம் தானாவே ஒட்டிக்கும். அன்னைக்கு இந்த நாலாவதப் போட்டிருந்தா எனக்குத் தெரிஞ்சிருக்கும். போடல. தெரியாமலே கையெழுத்து வச்சேன்."

போத்தலிலிருந்த வெந்நீரைப் பாத்திரத்தில் ஊற்றிப் பச்சைத் தண்ணீர் கலந்து, பிள்ளையைக் குளிப்பாட்டுகிறவரைப்போல மணிக்கட்டில் விட்டுச் சூடு பார்த்தார். தட்டை அந்த நீரின் மேல் மிதக்கவிட்டாற்போலப் பிடித்து ஆட்டினார். எல்லோரும் குனிந்தார்கள். முதலில் நான்காவது குழி கலங்கியது. பிறகு நீலம். பிறகு மஞ்சள். மணலாக நின்ற இரத்தம் தளர்ந்து ஒரே சிவப்பாக ஓடியது. மூன்றாவது குழியில் இருந்தது மட்டும் திரண்டபடியே நின்றது.

"ஓ பொசிட்டிவ்," என்றார் மிஸ்.

பிறகு பாக்கியம் அக்கா கைகளைக் கட்டிக்கொண்டு முன்னால் வந்தார்.

"சூடாக்குனா எதுவும் கரையுந்தானே மிஸ். வெல்லங்கூடக் கரையும். குடும்பத்தச் சேத்து வைக்கணும்னு வந்தீங்க, நல்லது. அதுக்காக எதையும் கரைச்சுக் காட்டலாமா?"

கூட்டத்தில் சிலர் சிரித்தார்கள். மிஸ்ஸின் முகத்தில் கோபத்தை எதிர்பார்த்தேன். அவர் பாக்கியம் அக்காவை, அந்த லயத்தில் அன்றுதான் ஒரு மனிதரைக் கண்டவர்போலப் பார்த்தார்.

"நல்ல கேள்வி," என்றார். "உங்க கார்டுல என்னா இருக்கு?"

"ஏ-ன்னு இருக்கு."

"விரலக் குடுங்க."

இதைப் பாக்கியம் அக்கா எதிர்பார்க்கவில்லை. சுற்றிலும் பார்த்தார். இத்தனை பேர் முன்னால் பின்வாங்க முடியாமல் விரலைக் கொடுத்தார். மிஸ் தட்டைக் கழுவித் துடைத்து, அதே மருந்துகளோடு மறுபடியும் நான்கு துளிகள் வைத்தார். நீலத்திலும் நிறமில்லாததிலும் திரண்டது. மற்ற இரண்டிலும் இல்லை. அதே வெந்நீர், அதே ஆட்டம். நேரம் போனது. பாக்கியம் அக்காவின் இரத்தம் நீல மருந்தில் அசையாமல் நின்றது.

"உங்களுது கரையலை. அவரோடது கரைஞ்சிச்சு. தண்ணி ஒண்ணுதான்."

பாக்கியம் அக்கா தட்டை வெகுநேரம் பார்த்தார். பிறகு விரலை முந்தானையால் சுற்றிக்கொண்டு, "கரையத்தான் இல்ல," என்று மெல்லச் சொன்னார்.

நான் புதிய அட்டையை எழுதினேன். மிஸ் கையொப்பமிட்டார். பழையதை வாங்கி, பிழை என்று குறுக்கே எழுதி, கிழிக்காமல் பைக்குள் வைத்துக்கொண்டார். புதியதை மோகன் அண்ணனிடம் நீட்டியபோது, அதுவரை கதவோரம் நின்ற செல்வராணி அக்கா வந்து தம் கையில் வாங்கினார். அதை வாசிக்கவில்லை.

"மிஸ், ஒண்ணு கேக்கவா? இன்னைக்கும் அதே மாதிரி ஏபி-ன்னே வந்திருந்தா என்னா செஞ்சிருப்பீங்க?"

எல்லோரும் மிஸ்ஸைப் பார்த்தார்கள். நான் என் பேனாவைப் பார்த்தேன். அந்த இடத்தில் ஒரு பொய் போதுமாக இருந்தது.

"ஏபி-ன்னே எழுதியிருப்பேன்," என்றார் மிஸ்.

செல்வராணி அக்கா தலையசைத்தார்.

"அது தெரிஞ்சுதான் உங்களக் கூப்பிட்டேன். பாவம் பாத்து எழுதுறவங்க எழுதுனத இவங்க நம்பமாட்டாங்க." பிறகு முதன்முறையாகக் கணவரை நேரே பார்த்துப் பேசினார். "எனக்கு என்னா வரும்னு தெரியும். நான் பயப்படல. உங்களுக்குத்தான் தெரியல."

கூட்டம் மெல்லக் கலைந்தது. செல்வராணி அக்கா உள்ளே போய்ப் பாலில்லாத சாயத்தண்ணி ஊற்றித் தட்டத்தில் வைத்துக்கொண்டு வந்தார். மிஸ்ஸுக்கு ஒரு கோப்பை. எனக்கு ஒன்று. கொஞ்சம் தயங்கிவிட்டுப் பாக்கியம் அக்காவுக்கும் ஒன்று. மோகன் அண்ணனுக்குக் கொண்டுவரவில்லை. தட்டம் வெறுமையாக மேசையில் கிடந்தது.

அவர் சற்று நேரம் அதைப் பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு செருப்பைக் கழற்றிவிட்டு, ஆறு நாட்களாக நுழையாத தம் காம்பராவுக்குள் குனிந்து போனார். அடுப்படியில் அவர் தம் கோப்பையைத் தேடும் சத்தம் எங்களுக்குக் கேட்டது. அது எங்கே இருக்கிறது என்று செல்வராணி அக்கா சொல்லவில்லை. மிஸ் தேநீரைக் குடித்து முடிக்கும் வரை அவர் உள்ளே தேடிக்கொண்டேயிருந்தார்.